மூன்றாவது ரீலில் ஏழு நிமிடங்கள்

அந்த யோசனை எனக்கு வந்த இடம், ஃப்ரீவே 101-க்குள் ஏறுகிற சரிவு. காலை எட்டே முக்கால். அங்கே ஒரு சின்ன சிக்னல் உண்டு. ஒரு பச்சைக்கு ஒரு கார். அடுத்த பச்சைக்கு அடுத்த கார். எனக்கு முன்னால் எட்டு கார்கள், பின்னால் எத்தனையோ.

பச்சை... ஒரு கார். பச்சை... ஒரு கார்.

அட, வசனங்களையும் இப்படியே அனுப்பினால் என்ன?

பின்னாலிருந்தவர் ஹாரன் அடித்தார். இந்த ஊரில் ஒருவர் ஹாரன் அடிக்கிறார் என்றால் நான் குறைந்தது மூன்று பச்சைகளையாவது கோட்டை விட்டிருக்க வேண்டும். கவலைப்படவில்லை. இரண்டு நாளாகத் தூக்கத்தைக் கெடுத்த பிரச்னைக்கு விடை கிடைத்துவிட்டது. சிரித்துக்கொண்டே ஆஃபீஸ் போனேன்.

அந்தச் சிரிப்பை இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

முதலிலிருந்து சொல்கிறேன்.

சான்டா கிளாராவில் எங்களுக்கு ஒரு ஃபிலிம் சொசைட்டி இருக்கிறது. மாதம் ஒரு சனிக்கிழமை, மதியம் இரண்டு மணி, நூற்றிருபது இருக்கைகள் கொண்ட ஒரு பழைய தியேட்டர். நடத்துபவர் இராசநாயகம் அங்கிள். யாழ்ப்பாணத்துக்காரர். தொழில் பல் வைத்தியம். வாரத்தில் ஐந்து நாள் எல்லாரையும் வாயைத் திறக்கச் சொல்பவர், சனிக்கிழமை மதியம் மட்டும் வாயை மூடிக்கொண்டு உட்காரச் சொல்வார்.

மூன்று வாரத்துக்கு முன் அவரிடமிருந்து ஃபோன்.

"பிள்ளை, ஹயாசே வாறார்."

நான் சமையலறைத் தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

ஹயாசே யார் என்று நீங்கள் கேட்பது நியாயம்தான். ஜப்பானிலேயே முக்கால்வாசிப் பேர் அப்படித்தான் கேட்பார்களாம்.

ஹயாசே ஒரு சினிமா டைரக்டர். ஒசாகாவில் லிஃப்ட் மெக்கானிக்காக இருக்கிறார். 'இருந்தார்' அல்ல, இன்றைக்கும் அதுதான் வேலை. வயது ஐம்பத்தெட்டு. பத்தொன்பது வருஷத்தில் ஐந்து படங்கள் எடுத்திருக்கிறார். ஐந்தும் ஞாயிற்றுக்கிழமைகளில் எடுத்தவை — மற்ற ஆறு நாளும் லிஃப்ட். நடிப்பவர்கள் அவரோடு வேலை பார்ப்பவர்கள், அவர்களுடைய மனைவிமார், சொந்த மகள். ஸ்டுடியோ கிடையாது. தயாரிப்பாளர் கிடையாது. பின்னணி இசை கிடையாது. கேமரா ஓர் இடத்தில் உட்கார்ந்தால் உட்கார்ந்ததுதான், நகராது.

கேமரா எப்படிக் கைக்கு வந்தது? கம்பெனியில் ஒரு பயிற்சிப் படம் எடுக்கச் சொன்னார்களாம். லிஃப்ட் பாதியில் நின்றுவிட்டால், உள்ளே மாட்டிக்கொண்டவரிடம் மெக்கானிக் எப்படிப் பேச வேண்டும் என்று. எடுத்துக் கொடுத்தார். மீந்துபோன ஃபிலிம் சுருளை வைத்துத் தன் முதல் படத்தின் முதல் காட்சியை எடுத்தார். ஒரு பெண் நின்றுபோன லிஃப்டுக்குள் இருக்கிறாள். வெளியிலிருந்து ஓர் ஆள் அவளுக்குத் தைரியம் சொல்லிக்கொண்டே இருக்கிறான். பத்து நிமிடம். நாம் பார்ப்பது அவள் முகத்தை மட்டும். பேசுகிறவனைக் கடைசிவரை காட்டவே இல்லை.

அதுதான் ஹயாசே. ஐந்து படங்களிலும் கேமரா, கேட்கிறவர் முகத்தில்தான் இருக்கும். பேசுகிறவர் திரைக்கு வெளியே எங்கேயோ. காதலைச் சொல்கிறவனைப் பார்க்க முடியாது. அதைக் கேட்டுக்கொண்டே சட்டைக்குப் பொத்தான் தைக்கிறவளைப் பார்க்கலாம். திட்டுகிறவனைப் பார்க்க முடியாது. திட்டு வாங்குகிறவன் செருப்பின் வாரைச் சரிசெய்வதைப் பார்க்கலாம்.

பைத்தியக்காரத்தனமா? நானும் அப்படித்தான் நினைத்தேன். அமெரிக்கா வந்த புதிதில், பெர்க்லியில் ஒரு கல்லூரி அறையில் அவருடைய மூன்றாவது படத்தைப் பார்த்தேன். முதல் அரை மணி நேரம் கழுத்தை வளைத்து வளைத்து, பேசுகிற ஆள் எங்கே என்று தேடினேன். அடுத்த ஒரு மணி நேரம் அழுதேன். வெளியே வந்ததும் நம் படங்களை நினைத்துப் பார்த்தேன். வசனம் பேசுகிறவருக்குத்தான் க்ளோஸப், கைதட்டல் எல்லாம். வாங்கிக்கொள்கிறவரின் முகத்தை நாம் எப்போதாவது முழுசாகப் பார்த்திருக்கிறோமா?

இரண்டாவது படத்துக்கு ஐரோப்பாவில் ஏதோ ஒரு சின்ன விழாவில் பரிசு கிடைத்தது. உடனே டோக்கியோவில் ஒரு பெரிய ஸ்டுடியோ கூப்பிட்டது. போனார். பேசுகிற நடிகரின் முகத்தையும் காட்டச் சொன்னார்கள். மூன்றாம் நாள் திரும்பி வந்து லிஃப்டுக்கு எண்ணெய் போட்டார். நான்காவது படம் வெளியான நாளில் தியேட்டரில் நான்கு பேர். அதில் இருவர் ஹயாசேயும் அவர் மகளும்.

இன்னும் ஒரு வினோதப் பழக்கம் உண்டு. கத்தரிக்கோல். ஒவ்வொரு திரையிடலுக்கும் முன், பிரதியை வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் பரப்பி, எங்கேயாவது கொஞ்சம் வெட்டுவார். படம் முடிந்துவிட்டது என்று அவர் ஒத்துக்கொள்வதே இல்லை. எனவே ஹயாசே படத்தின் எந்த இரண்டு பிரதிகளும் ஒன்றாக இருக்காது.

இந்தக் கடைசி வரியை எங்கள் சொசைட்டி நோட்டீஸில் தடித்த எழுத்தில் எழுதியது நான்தான்.

சரி, ஃபோனுக்கு வருவோம்.

"ஐஞ்சாவது படம் கொண்டு வருகினம். மகளும் கூட வாறா," என்றார் அங்கிள். "நியூயோர்க்கிலையிருந்து ஒரு மனுசி பாக்க வருது. வெளிநாட்டுப் படங்களை எடுத்து அமெரிக்கா முழுக்கக் காட்டுற ஆள். அதுக்குப் பிடிச்சுதெண்டால் அந்த மனுசனுக்கு ஆறாவது படம் எடுக்க வழி பிறக்கும்."

"பிடிக்கலேன்னா?"

"பிடிக்காட்டி லிஃப்ட் திருத்த வேண்டியதுதான். ஆறாவது இல்லையாம். மகள் எழுதியிருக்கிறா. கையிலை ஒண்டும் மிச்சமில்லையாம்."

ஃபோனை மறு காதுக்கு மாற்றினேன்.

"ஒரு சின்னச் சிக்கல், பிள்ளை. பிரதியிலை இங்கிலிஷ் சப்டைட்டில் இல்லை. வசனத்தை இங்கிலிஷிலை டைப் அடிச்சு அனுப்பியிருக்கினம். படம் ஓடேக்கை ஒரு ஆள் கீழை ஒவ்வொரு வரியாக் காட்டவேணும். உமக்குக் கொம்பியூட்டர் தெரியும்தானே?"

"அங்கிள், எனக்கு ஜாப்பனீஸ் தெரியாதே."

"எனக்கும்தான் தெரியாது. நான் பயப்பிடுறனே?"

அவர் பயந்துகொண்டுதான் இருந்தார். குரலிலேயே தெரிந்தது.

மகள் எரிகோவே அதைச் செய்யக் கூடாதா? கேட்டேன். கூடாதாம். படம் ஓடும்போது ஹயாசேயால் தியேட்டருக்குள் உட்கார முடியாது. எழுந்து வெளியே போய் நடக்க ஆரம்பித்துவிடுவார். போன தடவை வேறொரு ஊரில் அப்படி நடந்து, வழி தெரியாமல், நான்கு மணி நேரம் கழித்து ஒரு கார் கழுவும் இடத்தில் கண்டுபிடித்தார்களாம். அதனால் எரிகோ அவர் பக்கத்திலேயே இருந்தாக வேண்டும்.

தபாலில் வந்தது ஒரு விஎச்எஸ் டேப், கூடவே இருநூற்றுப் பதினான்கு வசனங்கள்.

இப்போது என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். பாஷை தெரியாது. சரி, உதடு அசைவதைப் பார்த்து வரியை மாற்றலாம் என்றால்... உதடே திரையில் இல்லை. உலகத்தில் எத்தனையோ டைரக்டர்கள் இருக்க, பேசுகிறவரைக் காட்டவே காட்டாத ஒரே ஆளிடமா நான் மாட்ட வேண்டும்?

அப்போதுதான் 101-இன் சிக்னல். டேப்பைப் போட்டு, குரல் தொடங்கி நிற்கும் இடங்களைத் தாளோடு எண்ணிச் சேர்த்து, ஒவ்வொரு வசனமும் எந்த நொடியில் வருகிறது என்று குறித்துக்கொண்டால் போதும். அதை ஒரு ப்ரோக்ராமில் கொடுத்துவிட்டால், ஒவ்வொரு ரீல் தொடங்கும்போதும் ஒரு பட்டன் அழுத்தினால் சரி. மீதியை லேப்டாப் பார்த்துக்கொள்ளும். மனிதக் கை படாது. தப்பே வராது.

என் ரூம்மேட் ஆயிஷா ஆம்பூர்க்காரி. டெஸ்டிங்கில் இருக்கிறாள். குறை கண்டுபிடிப்பதற்கென்றே சம்பளம் வாங்குபவள். நான் நான்கு நாளாக டேப்பை ஓட்டி ஓட்டி நொடிகளைக் குறிப்பதைப் பார்த்துவிட்டுக் கேட்டாள்.

"எதுக்குடி இவ்ளோ கஷ்டம்? ஒரு லைனுக்கு ஒரு தடவை ஸ்பேஸ் பாரைத் தட்டிட்டுப் போயேன்."

"தட்டுனா தப்பு வரும். ஆட்டோமேட் பண்ணிட்டா வராது."

"கையில பண்ணா ஒரு தப்புதான் வரும். ப்ரோக்ராம்ல தப்புன்னா வரிசையா வருமே."

"வராது."

"சரி, அந்த ஃபிலிமை வச்சு ஒரு தடவையாவது ஓட்டிப் பாத்தியா?"

"அது சனிக்கிழமை காலைல அவங்ககூடத்தான் வருது."

"அப்ப ஆளுங்க பாக்கும்போதே, நேரா ப்ரொடக்‌ஷன்லதான் டெஸ்ட் பண்ணப் போற. நல்லா இரு."

பொறாமை என்று நினைத்துக்கொண்டேன்.

சனிக்கிழமை ஃப்ளைட் தாமதம். ஒத்திகைக்கென்று வைத்திருந்த மூன்று மணி நேரம் விமான நிலையத்திலேயே போயிற்று. ஒன்றரை மணிக்கு அங்கிளின் வேன் வந்து நின்றது. ஹயாசே இறங்கினார். குள்ளமான, அகலமான மனிதர், விரல்கள் கறுத்திருந்தன. நான்கு ஃபிலிம் டப்பாக்களையும் தானே தூக்கிக்கொண்டு வந்தார், யாரையும் தொட விடவில்லை. என்னைப் பார்த்துக் குனிந்தார். நானும் குனிந்தேன். அவர் மறுபடி குனிந்தார். எங்கே நிறுத்துவது என்று தெரியாமல் நான் நான்கு தடவை குனிந்தேன்.

எரிகோ என் வயதுக்காரி. நல்ல ஆங்கிலம். ப்ரோக்ராமைக் காட்டினேன். அசந்துபோனாள். "மனிதர் யாரும் தேவையில்லையா?" என்று கேட்டாள்.

"தேவையே இல்லை," என்றேன் பெருமையாக.

இரண்டு மணி. எழுபது பேர் இருப்பார்கள். நான்காவது வரிசையில் வெள்ளை முடி, பெரிய கண்ணாடி, மடியில் நோட்டுப் புத்தகத்தோடு நியூயார்க் பெண்மணி. விளக்கு அணைந்தது. ஹயாசே எழுந்து வெளியே போனார், பின்னாலேயே எரிகோவும்.

முதல் ரீல் — கச்சிதம். இரண்டாவது ரீல் — கச்சிதம். திரைக்குக் கீழே கறுப்புப் பட்டையில் வரிகள் ஒவ்வொன்றாக வந்தன, போயின. நான் கையைக் கட்டிக்கொண்டு படத்தை ரசிக்கவே ஆரம்பித்துவிட்டேன்.

கதை இவ்வளவுதான். ஓர் அக்கா, ஒரு தம்பி. பதினோரு வருஷமாகப் பேச்சு இல்லை. வீட்டை விட்டுப் போனதற்காக அம்மா அக்காவை மன்னிக்கவே இல்லை. இப்போது அம்மாவுக்கு உடம்பு முடியவில்லை. மூன்றாவது ரீலில் தம்பி அக்காவைத் தேடி வருகிறான். அதற்கு முந்தின காட்சியில், அக்கா ஒரு ரைஸ் குக்கரை ரிப்பேர் கடைக்குக் கொண்டுபோகிறாள். கடைக்காரர் ஏதேதோ சொல்கிறார். அவள் கேட்டுக்கொண்டிருக்கிறாள்.

டேப்பில் அந்தக் கடைக் காட்சிக்கு முன்னால், அவள் நடந்து வரும் ஒரு நீளமான மௌனம் உண்டு. திரையில்... அவள் சட்டென்று கடைக்குள் நின்றாள்.

மௌனம் இல்லை. வெட்டிவிட்டிருந்தார்.

நோட்டீஸில் தடித்த எழுத்தில் நானே எழுதிய வரி. ஊருக்கெல்லாம் சொன்னேன், என் ப்ரோக்ராமுக்கு மட்டும் சொல்லவில்லை.

கடைக்காரர் பேசி முடித்தார். கீழே ஒன்றுமில்லை. இன்னொரு மௌனமும் பாதியில் அறுந்தது. காட்சி மாறியது. அக்காவின் அறை. அவள் ஆரஞ்சு உரிக்கிறாள். திரைக்கு வெளியே தம்பியின் குரல் உடைந்து வருகிறது. அவள் கண் கலங்குகிறது. அப்போது கீழே, பளிச்சென்று:

'மூடி லூஸாகிவிட்டது.'

யாரோ சிரித்தார்கள்.

தம்பி மூச்சுவிட்டுவிட்டு இன்னொன்று சொன்னான். கீழே: 'ஒரு வாரம் கழித்து வாருங்கள்.'

இப்போது பத்துப் பேர் சிரித்தார்கள். நியூயார்க் பெண்மணி சிரிக்கவில்லை. நோட்டில் எதையோ எழுதினார். அதுதான் இன்னும் பயமாக இருந்தது.

ப்ரோக்ராமை நிறுத்தினேன். பட்டை கறுப்பானது. தாளைப் புரட்டினேன். எந்த வரி? நூற்றுப் பத்தா? நூற்றுப் பதினைந்தா? பத்தொன்பது வருஷமாக ஞாயிற்றுக்கிழமைகளில் உழைத்த ஒரு மனிதரின் வாழ்க்கை, நான் எந்த வரியில் விரலை வைக்கிறேன் என்பதில் இருந்தது. விரலை எங்கேயும் வைக்க முடியவில்லை.

அங்கிள் குனிந்து ஓடி வந்தார். "என்ன பிள்ளை செய்யிறீர்? எழுத்தைக் காணேல்லை."

"தொலைச்சுட்டேன் அங்கிள்."

"எதை?"

"எல்லாத்தையும்."

தப்பான வரியைவிட வெறும் பட்டையே மேல் என்று விட்டுவிட்டேன். ரீல் முடிகிறவரை காத்திருந்தால், அடுத்த ரீலின் முதல் வரி எதுவென்று எனக்குத் தெரியும். இன்னும் எவ்வளவு நேரம்? ஏழு நிமிடம். உங்களுக்கு ஏழு நிமிடம் எவ்வளவு நீளம் என்று தெரியுமா? எனக்குச் சனிக்கிழமைதான் தெரிந்தது.

செய்வதற்கு ஒன்றுமில்லாமல் அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்த்தேன். அவளாக நடித்திருப்பது எரிகோதான். அப்போது ஒன்று தெரிந்தது. தம்பி ஒவ்வொரு வாக்கியத்தையும் தொடங்குவதற்கு ஒரு கணம் முன்பு, அவள் கட்டை விரல் ஆரஞ்சுத் தோலில் நின்றுவிடுகிறது. வாக்கியம் முடிந்து, அது உள்ளே போய்ச் சேர்ந்த பிறகுதான் விரல் மறுபடி நகர்கிறது. விரல் நிற்கிறது, வசனம். விரல் நகர்கிறது, முடிந்தது. எனக்குத் தேவையான சிக்னல் முழுக்கத் திரையிலேயே இருந்திருக்கிறது. நான் அதை விட்டுவிட்டு நான்கு நாள் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

நான்காவது ரீல் தொடங்கியது. ப்ரோக்ராமை மூடிவிட்டு, ஸ்பேஸ் பாரில் கை வைத்தேன். ஆயிஷா சொன்ன அதே ஸ்பேஸ் பார். கேட்பவர் முகத்தைப் பார்த்துப் பார்த்துத் தட்டினேன். ஐந்தாறு இடத்தில் பிசகியது. படம் முடிந்து விளக்கு எரிந்தபோது என் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது.

கைதட்டினார்கள். நிஜமாகவே நீளமாக.

வெளியே சமோசாவும் காஃபியும் வைத்திருந்த மேஜையருகே நியூயார்க் பெண்மணி நேராக ஹயாசேயிடம் வந்தார். எரிகோ நடுவில் நின்று மொழிபெயர்த்தாள். நானும் அங்கிளும் பக்கத்தில், தண்டனைக்குக் காத்திருப்பவர்கள் மாதிரி.

"அந்த ஆரஞ்சுக் காட்சி," என்றார் அவர். "முதலில் வேண்டுமென்றே அபத்தமான வரிகள். பிறகு வார்த்தைகளையே எடுத்துவிட்டீர்கள். ஏழு நிமிடம் எங்களை அந்தப் பெண்ணின் முகத்தோடு தனியாக விட்டீர்கள். நான் பார்த்த துணிச்சலான முடிவுகளில் அது ஒன்று. இந்தப் படத்தை நான் எடுத்துக்கொள்ள விரும்புகிறேன். எல்லாப் பிரதியிலும் அந்தப் பகுதி அப்படியே, மொழிபெயர்ப்பு இல்லாமல் இருக்க வேண்டும்."

எரிகோ மொழிபெயர்க்க வாயெடுத்து, நிறுத்தினாள். என்னைப் பார்த்தாள். அவளுக்கு ஒன்றும் புரியவில்லை. அவர்கள் வெளியே பார்க்கிங்கில் அல்லவா இருந்தார்கள்?

அங்கிள் முகத்தில் சிரிப்பு மாறாமல், உதட்டைக் கூட அசைக்காமல், தமிழில் சொன்னார். "வாயைத் திறவாதையும். கடவுளாப் பாத்துத் தந்தது."

"அங்கிள், அந்த ஏழு நிமிஷத்துலதான் படமே இருக்கு."

"இருக்கட்டும். மனுசி எடுக்கிறனெண்டு சொல்லுது."

என் கையில் அந்தத் தாள் இருந்தது. விட்டுப்போன இருபத்து மூன்று வரிகள். அதில் தம்பி சொல்வது இதுதான்: 'அம்மாவுக்கு உன்னை ஞாபகம் இல்லை. உன்மேல் இருந்த கோபமும் ஞாபகம் இல்லை. இனிமேல் நீ வீட்டுக்கு வரலாம்.' இந்த மூன்று வரி தெரியாமல், அந்தப் பெண் எதற்கு அழுகிறாள் என்று யாருக்குத் தெரியும்? அதன் பிறகும் அவள் ஆரஞ்சை ஒரு சுளை விடாமல் சாப்பிட்டு முடிக்கிறாளே, அது எதற்கென்று யாருக்குத் தெரியும்?

இந்த ஊரில் வாங்கின எதையும் முப்பது நாளைக்குள் திருப்பிக் கொடுக்கலாம். நாம் செய்யாத காரியத்துக்கு வந்த பாராட்டைத் திருப்பிக் கொடுக்க மட்டும் எங்கேயும் கவுன்ட்டர் இல்லை.

சொல்லிவிட்டேன். டேப், சிக்னல், ப்ரோக்ராம், ரைஸ் குக்கர், எல்லாவற்றையும். "அது துணிச்சல் இல்லை, மேடம். அது நான் செய்த தப்பு."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு, "அப்படியானால் நான் இந்தப் படத்தை இன்னும் பார்க்கவில்லை," என்றார். "திங்கட்கிழமை மதியம் இரண்டு மணிக்கு எனக்கு ஃப்ளைட். காலையில் ஒருமுறை முழுதாகக் காட்ட முடியுமா? எல்லா வார்த்தைகளோடும்."

"பிடிக்குமா?" என்று கேட்டுவிட்டேன். மடத்தனமான கேள்வி.

"தெரியாது. ஒருவேளை வார்த்தை இல்லாமல்தான் எனக்குப் பிடித்ததோ என்னவோ."

எரிகோ அப்பாவிடம் மெதுவாக எல்லாவற்றையும் சொன்னாள். ஹயாசே என்மேல் கோபப்படவில்லை. என்னைப் பார்க்கக் கூட இல்லை. தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து, ப்ரொஜெக்டர் அறையில் இருந்த மூன்றாவது டப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"என்ன சொல்றார்?" என்றேன்.

"ஒன்றும் சொல்லவில்லை. யோசிக்கிறார்," என்றாள் எரிகோ. "வார்த்தை இல்லாமலே நன்றாக இருந்ததா என்று யோசிக்கிறார். அவர் யோசிப்பது நல்லதில்லை. கத்தரிக்கோல் பையில்தான் இருக்கிறது. தயவுசெய்து டப்பாக்களை எங்கேயாவது பூட்டி வையுங்கள்."

நான்கு டப்பாக்களும் இப்போது அங்கிளின் க்ளினிக்கில், பல்செட் அச்சுகள் வைக்கும் அலமாரிக்குள் இருக்கின்றன. சாவி அங்கிளின் மனைவியிடம்.

என்னை வீட்டில் இறக்கிவிடும்போது அங்கிள் வண்டியை நிறுத்திவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"திங்கள் அந்த மனுசி வேண்டாமெண்டு சொன்னால்? இண்டைக்கு ஓமெண்டு சொன்னதை நாங்கள்தானே கெடுத்தது?"

'நாங்கள்' என்றார் பாருங்கள். 'நீர்' என்று சொல்லவில்லை. அதற்காகவே இன்னும் அதிகமாகப் பயமாக இருக்கிறது.

இன்று ஞாயிறு. மதியம் எரிகோ எங்கள் அபார்ட்மென்டுக்கு வந்தாள். டேப்பில் எந்தெந்த மௌனங்களை அப்பா வெட்டினார் என்று ஞாபகத்திலிருந்து ஒவ்வொன்றாகக் குறித்துக் கொடுத்தாள். வெட்டியது மௌனங்களை மட்டும்தான், வசனம் ஒன்றும் போகவில்லை. நாளை காலை அவர்கள் இருவரும் சான் ஃப்ரான்சிஸ்கோவில் ஒரு கல்லூரி வகுப்பில் பேச வேண்டும். முன்பே ஒத்துக்கொண்டது, மாற்ற முடியாது. ஆகவே தியேட்டரில் பாஷை தெரிந்தவர் யாரும் இருக்க மாட்டார்கள்.

அவள் கிளம்பும் முன் கேட்டேன். உன் அப்பா ஏன் பேசுகிறவரைக் காட்டுவதில்லை?

தோளைக் குலுக்கினாள். "லிஃப்ட் மெஷின் அறையில் சத்தம் அதிகம். எதிரில் இருப்பவன் காதில் நம் பேச்சு விழுந்ததா என்று அவன் முகத்தைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். தப்பாகக் கேட்டுவிட்டால் யாருக்காவது கை போய்விடும். அவ்வளவுதான். பெரிய தத்துவம் எல்லாம் இல்லை."

அவள் போன பிறகு ஆயிஷா, டேப்பிலிருந்து நான் முன்பு குறித்த நொடிக் கணக்கும் ஒரு பேனாவுமாக உட்கார்ந்தாள். நான் ஆரஞ்சுக் காட்சியை ஓட்டி ஓட்டித் தட்டினேன். முதல் தடவை இருபத்து மூன்றில் ஆறு தப்பு. இரண்டாவது தடவை ஐந்து. நான்காவது தடவை இரண்டு.

"ரெண்டு பக் இன்னும் ஓப்பன்," என்றாள் ஆயிஷா.

"நாளைக்கு வராது."

"போன வாரமும் இதேதான் சொன்ன."

டேப்பை மறுபடி பின்னால் ஓட்டினேன். படம் அந்த அம்மாளுக்குப் பிடிக்கவில்லை என்றால், அது அவருக்கும் ஹயாசேக்கும் நடுவில் இருக்கிற விஷயம். படம் அவருக்குப் போய்ச் சேரவே இல்லை என்றால், அது என் விஷயம். முதலாவதை என்னால் தடுக்க முடியாது. இரண்டாவதைத் தடுத்துவிட்டால் போதும் என்று நூறு தடவை எனக்கே சொல்லிக்கொள்கிறேன். நூறு தடவையும் நம்ப முடியவில்லை.

நாளை காலை பத்து மணி. நூற்றிருபது இருக்கைகளில் ஒரே ஒருவர். ஓரத்தில் நான். டைமர் இல்லை, ப்ரோக்ராம் இல்லை. இருநூற்றுப் பதினான்கு வரிகள், ஒரு ஸ்பேஸ் பார். ஒவ்வொன்றையும் கையால் தட்டப் போகிறேன்.

ஆகவே நாளை காலை எனக்குக் கடுமையான காய்ச்சல். என் மேனேஜருக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. தெரிந்தவர்கள் தயவுசெய்து படித்துக் காட்ட வேண்டாம்.